சத்தம் நிறுத்திப் பார்த்த பாட்டு

பாறை மேல் இன்னமும் எனக்குத் தெரிகிற என் லிங்கம் அண்ணனுக்கு,

போன மாதம் நிமால் வந்திருந்தார். உன் கூட்டாளி நிமால்தான். ஹட்டன் டவுனில் ரேடியோ திருத்துகிற கடைக்காரர் மகன், உங்கள் குழுவில் கிட்டார் அடித்தவர். நனைந்த மழைக்கோட்டை வாசல் இஸ்தோப்பிலேயே கழற்றிப் போட்டுவிட்டு அம்மாவைக் கும்பிட்டார். இடது கை விரல்கள் அவருக்கு இப்போது மடங்குவதில்லை. நீ போன அதே கிழமை டவுனில் அவரையும் பிடித்து, தமிழனோடு சேர்ந்து பாடுகிற கை எது என்று கேட்டு, கதவிடுக்கில் வைத்து நசுக்கினார்களாம். இதை அவர் அதுவரை எங்களுக்குச் சொன்னதில்லை. தேத்தண்ணிக் கோப்பையை அவர் பிடித்த விதத்தைப் பார்த்து நான்தான் கேட்டேன். தங்கச்சி என்பதைச் சிங்களத்தில் ‘நங்கி’ என்றுதான் அவர் என்னைக் கூப்பிடுவார்.

"நங்கி, டெலிவிஷன்காரங்க பழைய பாட்டெல்லாம் மறுபடி போடுறாங்க. நம்ம பாட்டும் வேணுமாம். படத்தோட. லிங்கம்ட வீட்டில சரின்னு சொன்னாத்தான் நான் குடுப்பேன்."

அம்மா யோசிக்கவே இல்லை. "போடச் சொல்லுப்பா. எம்புள்ள மொகத்த நான் பாக்கணும்."

அடுப்பைப் பார்த்து உட்கார்ந்திருந்த அப்பா திரும்பாமலே சொன்னார். "அந்த அடி ரேடியோவுலயோ டீவியிலயோ இன்னொருக்கா இந்தத் தோட்டத்துல கேட்டுச்சின்னா, நான் இங்க இருக்க மாட்டேன்."

அதோடு இரண்டு பேரும் பேச்சை நிறுத்தினார்கள். ஒற்றை அறைக் காம்பராவுக்குள் பேசாமல் இருப்பது எவ்வளவு கஷ்டம் என்று உனக்குத் தெரியும். இரண்டு பேரும் என்னிடம்தான் வந்தார்கள். "படிச்ச புள்ள நீ. நீயே பதில் சொல்லிரு." இந்தக் குடும்பத்தில் முதல் பட்டம் வாங்கியவள் என்பதற்காக, உன்னை ஊருக்குக் காட்டுவதா மூடி வைப்பதா என்று தீர்மானிக்கிற வேலை எனக்கு வந்தது. எந்தப் பாடத்தில் அண்ணே இதைப் படித்தேன்?

அதனால்தான் எழுதுகிறேன். ஊரும் படிக்கட்டும். உன் பாட்டை ஏன் எங்கும் போடுவதில்லை என்று நிறையப் பேர் கேட்கிறார்கள். அவர்களில் பலருக்கு அந்தப் பாட்டின் முதல் அடி எங்கிருந்து வந்தது என்றுகூடத் தெரியாது.

எங்கள் தேயிலைத் தோட்டத்தில் தப்பு மேளம் அடிக்கிற தப்புக்காரர் அப்பாதான். விடிகிற நேரம் வேலைக்குப் பேர் கொடுக்கிற பெரட்டுக்கு ஆள் கூப்பிட ஓர் அடி. சாமி இறங்க ஓர் அடி. செத்தவரைத் தூக்க ஓர் அடி. இவை தவிர இன்னொன்று உண்டு: மழை விடாமல் பெய்து மேட்டில் மண் வாய் பிளந்தால் அடிப்பது. கிடுகிடுவென்று இரண்டு வீச்சு, நடுவில் மூச்சுப் பிடித்த மாதிரி ஒரு நிறுத்தம், மறுபடி இரண்டு வீச்சு. அது கேட்டால் அடுப்பில் இருப்பதை அப்படியே விட்டுவிட்டு, பிள்ளையைத் தூக்கிக்கொண்டு, கோயில் மேட்டுக்கு மேலே ஏற வேண்டும். ஏன் என்று நின்று கேட்கக்கூடாது. மண்சரிவுத் தப்பு என்பார்கள். நான் பிறப்பதற்கு முன்னால் அந்த அடியைக் கேட்டு ஏறியவர்கள் பிழைத்தார்கள், போர்வையை மடித்துவிட்டு வருகிறேன் என்றவர்கள் மண்ணுக்குள் இருக்கிறார்கள்.

நீ அந்த அடியை எடுத்துக்கொண்டு ஹட்டனுக்குப் போனாய்.

உன்மேல் எனக்குக் கோபமா என்று கேட்காதே. உன் கிறுக்குக்கு நியாயம் இருந்தது. சாவு வீட்டில் அப்பா அடிக்கும்போது, பெரிய கங்காணி வீட்டுப் பையன்கள் காலால் மண்ணைத் தள்ளி, "தள்ளி நின்னு அடி" என்று சொன்னதை நீ பார்த்தாய். நானும் பார்த்தேன். அன்று வீட்டுக்கு வந்து நீ கத்தினாய்: "இனி நான் எவன் சாவுக்கும் தப்பெடுக்க மாட்டேன். இத ஸ்டேஜுல ஏத்துறேன் பாரு. அவனுங்களே கை தட்டுவானுங்க."

"ஸ்டேஜுல எத வேணா ஏத்து. மண்சரிவத் தொடாத. அது வெளையாட்டு அடி இல்ல" என்றார் அப்பா.

"அதுலதான் உசிரே இருக்கு."

அப்பா அடுப்பிலிருந்து எரிகிற தேயிலை மிலாற்றுக் கட்டையை உருவி உன் முதுகில் போட்டார். நெருப்புப் பொறி சுவரெல்லாம் சிதறியது. நீ நகரவில்லை. சட்டை கருகிய வாசனையோடு நின்று சிரித்தாய். அப்பாவுக்கு அது இன்னும் வெறி ஏற்றியது.

"எவன் சாவுக்கும் அடிக்க மாட்டியா? ஒன் சாவுக்கு எவன்டா அடிப்பான்?"

அதற்குப் பிறகு வீட்டில் நீ தப்பைத் தொடவில்லை. ரோட்டு வளைவுக்கு மேலே நிற்கிற பெரிய பாறைக்குப் போய் அடித்தாய். பாறைக்கு இந்தப் பக்கம் நாங்கள் வரிசையாகக் குடியிருக்கிற லயங்கள், அந்தப் பக்கம் ரோடு. அங்கே ஏறி நிற்பவனுக்கு இரண்டும் தெரியும். கீழே இருக்கிற எங்களுக்கு அவனைத் தவிர ஒன்றும் தெரியாது.

கொழும்பில் பாட்டுப் பதிவு செய்யப் போன கதையை நீ சொல்லச் சொல்ல அம்மாவுக்குச் சிரித்துச் சிரித்து வயிறு வலித்தது. ஏசி போட்ட ஸ்டூடியோவில் தப்பு தொய்ந்து போனதால், காய்ச்சுவதற்கு நீ உள்ளேயே பேப்பரைக் கொளுத்தினாயாம். "பிஸ்ஸுத? பைத்தியமா?" என்று கத்திக்கொண்டே பதிவுகாரர் வாளித் தண்ணீரோடு ஓடி வந்தாராம். காய்ந்த தப்பை நீ ஒரு தரம் அடித்ததும் வாளியைக் கீழே வைத்துவிட்டாராம்.

அப்படி வந்ததுதான் ‘மலை இறங்குது’. ஒரு பக்கத்துக்கு ஒரு பாட்டு இருக்கிற சின்ன இசைத்தட்டு. தொடக்கத்தில் அந்த அடி மட்டும். பிறகு நிமாலின் கிட்டார் அதன்மேல் ரம்பம் போடுகிற மாதிரி இறங்கும். அப்புறம் உன் குரல்.

*மலை இறங்குது மாமா, மலை இறங்குது,
அள்ளிக்கிட்டு ஏறு புள்ள, அடுப்ப விட்டு ஏறு.*

அது எப்படிப் பரவியது என்று எனக்கு இன்றும் விளங்கவில்லை. பல்கலைக்கழக விடுதியில் யாழ்ப்பாணத்துப் பிள்ளைகள் பாடினார்கள், சிங்களப் பிள்ளைகள் வார்த்தை தெரியாமல் பாடினார்கள். பாடுவது என் அண்ணன் என்று நான் யாரிடமும் சொல்லவில்லை. வெட்கமில்லை, கூச்சம். சொன்னால் எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்ப்பார்களே. பஸ்ஸில் அந்த அடி விழுந்தால் ஜன்னல் கம்பியில் கை தாளம் போடும். எங்கள் தோட்டத்துச் சின்னதுகள் கொழுந்துக் கூடையில், தகரத்தில், தண்ணிப் பீப்பாயில் காலையிலிருந்து மாலைவரை அதையே அடித்தன. முதல் சில நாள் அடி விழும்போதெல்லாம் பெண்கள் திடுக்கிட்டு மேட்டைப் பார்த்தார்கள். அப்புறம் பார்க்கவில்லை. அப்புறம் இடுப்பை ஆட்டத் தொடங்கினார்கள். கொழுந்து மலையில் நின்று மாரியாயி அக்கா ஆடியது உனக்கு ஞாபகம் இருக்கிறதா? கங்காணி திட்டினாரே?

"அடியே மாரியாயி, ஒனக்கு மலையா எறங்குது? மப்பா?"

"லிங்கத்துக்கிட்ட கேளுங்க கங்காணி. அவன்தான் எறக்குறான்."

டெலிவிஷன் வந்த புதிது. பாட்டுக்குப் படம் எடுப்போம் என்று கொழும்பிலிருந்து டைரக்டர் வந்தார். மண்சரிவைப் படம் பிடிக்க முடியாது, நெருப்பைப் பிடிக்கலாம் என்றார். கதை மாறிவிட்டது. தோட்டத்தைப் பறிக்க முரடர்கள் லொறியில் வருகிறார்கள், லயத்தை எரிக்கிறார்கள், கதாநாயகன் பாறையில் நின்று தப்படித்து மக்களை எழுப்புகிறான், முரடர்கள் ஏறி அவனைக் கொல்கிறார்கள். கதாநாயகன் நீ. எரிக்கிற லயம், கூரை விழுந்து சும்மா கிடந்த பழைய லயம். முரடர்கள் எங்கள் ஆட்கள்.

முதல் நாள் பெண்கள் எல்லோரும் தீபாவளிச் சேலையைக் கட்டிக்கொண்டு போனார்கள். டைரக்டர் தலையில் கை வைத்து, "கிழிஞ்சத கட்டிட்டு வாங்கம்மா, நீங்க ஏழைங்க" என்றார். "அப்ப இது யாருங்க?" என்று மாரியாயி அக்கா தன் சேலையைக் காட்டிக் கேட்டார். திரும்பிப் போய்க் கிழிந்ததைக் கட்டி வந்தார்கள். அவருடைய புருஷன் பெருமாள் மாமாதான் முரடர் தலைவன். பூச்சி மாதிரி மனுஷர். கொள்ளிக்கட்டையை வலது கையில் தூக்கிக்கொண்டு அவர் கத்தியபோது லயமே விழுந்து சிரித்தது. "இன்னும் கோபமா!" என்று டைரக்டர் குதித்தார். "இதுக்கு மேல கோபம் வந்தா என் பொண்டாட்டி நம்ப மாட்டாங்கய்யா" என்றார் மாமா. மறுபடி எடுத்தார்கள். மறுபடி. ஒவ்வொரு தடவையும் நீ அடிப்பாய், சனம் கத்திக்கொண்டு ஓடும், "கட்" என்றதும் சிரித்துக்கொண்டு திரும்பி வரும். நடித்தவர்களுக்கு ரொட்டியும் வாழைப்பழமும் கொடுத்தார்கள். பிள்ளைகள் இரண்டு தரம் வரிசையில் நின்றன.

உன் இரத்தத்துக்கு நுவரெலியாச் சந்தையிலிருந்து பீட்ரூட் வந்தது. அம்மாதான் அவித்துச் சாறு எடுத்தாள். தன் பிள்ளையின் இரத்தத்தைத் தானே சட்டியில் காய்ச்சினாள் என்று இப்போது சொல்லிச் சொல்லி அழுகிறாள். சட்டையில் பட்ட கறை எத்தனை தரம் துவைத்தும் போகவில்லை.

போகும்போது டைரக்டர், மீதிக் காட்சி ஒன்றிரண்டு எடுக்கத் திரும்பி வருவோம் என்று சொல்லிவிட்டுப் போனார். அந்த ஒரு வார்த்தை, அண்ணே.

படத்தை டெலிவிஷனில் போட்ட அன்று துரை பங்களா ஜன்னலுக்கு வெளியே தோட்டமே நின்றது. அம்மாவும் போனாள். திரும்பி வந்து, "எனக்கு முன்னுக்கு நின்னவ கொண்டதான் தெரிஞ்சிச்சு. கொஞ்சம் நீல வெளிச்சமும் தெரிஞ்சிச்சு" என்றாள். நீ சிரித்தாய். "இன்னொரு தடவ போடுவாங்கம்மா. அப்ப ஒனக்கு முன் வரிசை."

அப்புறம் அந்த ஜூலை வந்தது.

கொழும்பில் தமிழர் கடைகளை எரிக்கிறார்கள் என்ற பேச்சு எங்களுக்கும் வந்திருந்தது. ஆனால் அது டவுன் காரியம், தோட்டத்துக்குள் யார் வரப்போகிறார்கள் என்றுதான் எல்லோரும் பேசினார்கள். பல்கலைக்கழகம் மூடியதால் நான் வீட்டில் இருந்தேன். பகல் சாப்பாட்டு நேரம். நீ வழக்கம்போலப் பாறையில் இருந்தாய். இஸ்தோப்பில் அப்பாவும் நானும் இருந்தோம்.

மண்சரிவுத் தப்பு கேட்டது. மழை இல்லை.

"இந்தா, பாட்டுக்காரன் தொடங்கிட்டான்" என்று பக்கத்துக் காம்பராவில் யாரோ சொன்னார்கள். நீ நிறுத்தவில்லை. பாறைக்குப் பின்னால் புகை எழும்பியது. சந்தியில் இருந்த கடைகள் எரிகிற புகை என்று இப்போது தெரியும். அன்று அதைப் பார்த்த பிள்ளைகள் குதித்தன. "படக்காரங்க வந்துட்டாங்க! படக்காரங்க!"

லயம் முழுக்கக் கலகலப்பாகிவிட்டது. சொன்னால் வெளியூர்க்காரர்கள் நம்ப மாட்டார்கள். உன் அடியைக் கேட்டு, புகையைப் பார்த்து, லொறிச் சத்தத்தைக் கேட்டு, எங்கள் சனங்கள் நடிக்கக் கிளம்பினார்கள். மாரியாயி அக்கா உள்ளே ஓடினார். நல்ல சேலையை அவிழ்த்துப் போட்டுவிட்டுக் கிழிந்த சேலையைக் கட்டிக்கொண்டு வந்தார். திட்டு வாங்கக்கூடாது பார் என்று என்னைப் பார்த்துச் சொன்னார். "நீயும் வாயேன் புஷ்பம்." எனக்குக் கூட்டம் என்றாலே கூச்சம், கமரா என்றால் அதைவிட. நான் போகவில்லை.

பெருமாள் மாமா எல்லோருக்கும் முன்னால் போனார். "ஒதுங்குங்கடா, தலைவன் போறேன்." ஒரு காய்ந்த மட்டையைக் கொள்ளி மாதிரி தூக்கிப் பிடித்துக்கொண்டு ரோட்டு வளைவில் மறைந்தார்.

வளைவுக்கு அந்தப் பக்கம் நடந்ததை நீ மட்டும்தான் பார்த்தாய். அந்த மட்டை பிடித்த கையை அவர்கள் எப்படி வெட்டினார்கள் என்று. மாமா பிறகு சொன்னார்: முதல் வெட்டு விழும்வரை தான் சிரித்துக்கொண்டுதான் இருந்தாராம். கத்தி வைத்திருந்தவனைப் பார்த்து, "ஐயா, டைரக்டர் எங்க?" என்று கேட்டாராம்.

பாறையிலிருந்து நீ இரண்டு பக்கமும் பார்த்திருப்பாய். அந்தப் பக்கம் கத்தி. இந்தப் பக்கம் கிழிந்த சேலை கட்டிக்கொண்டு சிரித்து இறங்குகிற பெண்கள், ரொட்டிக்கு முந்துகிற பிள்ளைகள். நீ கத்தினாய். வாய் திறப்பது தெரிந்தது. காற்று எதிர்ப்பக்கம். கையை வீசினாய். படத்திலும் அப்படித்தான் வீசினாய். கீழே இருந்து பதிலுக்குக் கை வீசினார்கள். இன்னும் ஓங்கி அடித்தாய். அவர்கள் இடுப்பை ஆட்டிக்கொண்டு இறங்கினார்கள்.

அப்போது அடி நின்றது.

எவ்வளவு நேரம் நின்றது? எனக்குத் தெரியாது. அந்த நேரத்தில் நீ என்ன நினைத்தாய் என்றுதான் இத்தனை வருஷமும் யோசிக்கிறேன். ஓடியிருக்கலாம். பாறைக்குப் பின்னாலேயே காடு. கால் எடுத்து வைத்தால் போதும்.

நீ மறுபடி அடித்தாய். மெல்ல. ஒற்றை அடி, நீளமான இடைவெளி, ஒற்றை அடி.

சாவுத் தப்பு.

எங்கள் ஊரில் அதை யாரும் விளையாட்டுக்கு அடிப்பதில்லை. தெரியாமல் தகரத்தில் அடிக்கிற பிள்ளைக்கும் வாயிலேயே அடி விழும். அது கேட்டால் நின்ற இடத்தில் நிற்க வேண்டும், வந்த வழியே லயத்துக்குத் திரும்ப வேண்டும். கேட்ட பிறகும் கீழே இறங்குகிறவன் சாவைத் தன்னோடு கூட்டிப் போகிறான் என்பார்கள். இறங்கிக்கொண்டிருந்த கூட்டம் அப்படியே நின்றது. மாரியாயி அக்காவின் கை வாய்க்குப் போனது. யார், யார் வீட்டில் என்று பெண்கள் திரும்பினார்கள்.

அப்பா எழுந்தார். தன் இரண்டு கைகளையும் விரித்துப் பார்த்தார்.

"என் கை இங்க இருக்கு. அப்ப அடிக்கிறது யாரு?"

நான் பாறையைக் காட்டினேன்.

"அவன் எவன் சாவுக்கும் அடிக்க மாட்டேன்னவன்" என்றார். அவருடைய முகம் மாறியதை நான் பார்த்துக்கொண்டிருந்தேன். அடுத்து அவர் போட்ட சத்தம் மனுஷச் சத்தமாக இல்லை. "அது படமில்ல! ஏறுங்கடி! புள்ளைகளத் தூக்கிட்டு ஏறுங்க! ஏறுங்கடா!"

ஏறினார்கள் அண்ணே. அடுப்பை விட்டு ஏறினார்கள். அம்மாவை நான் இழுத்துக்கொண்டு ஓடினேன். காட்டு ஓரத்துத் தேயிலைக்கு அடியில் குப்புறப் படுத்துக்கொண்டு, கிளை இடுக்கு வழியாக நான் பார்த்தேன். அம்மாவின் முகத்தை மண்ணோடு அழுத்திப் பிடித்திருந்தேன். அவள் பார்க்கவில்லை. நான் பார்த்தேன்.

அவர்கள் பாறையில் ஏறினார்கள். ஒருவன் விசிலடித்துக்கொண்டு ஏறினான். என்ன மெட்டு என்று சொல்லவா? உன் பாட்டுத்தான். அவனுக்கும் அது பிடித்த பாட்டாக இருந்திருக்கும். நீ கடைசிச் சனமும் காட்டுக்குள் போகிறவரை அடித்தாய். முதல் பொல்லு உன் தோளில் விழுந்தது. ஒரு கையால் அடித்தாய். இரண்டாவது முழங்காலில். மண்டிபோட்டு அடித்தாய். பிறகு கத்திகள் வந்தன. தப்பை உன் மேல் போட்டுத்தான் கொளுத்தினார்கள். காய்ந்த தோல் வெடிக்கிற சத்தம் எனக்குக் கேட்டது. அதற்கு மேல் எழுத என்னால் முடியும். நான் எழுத மாட்டேன். அம்மாவுக்கு இதை யாராவது வாசித்துக் காட்டுவார்கள்.

லயம் முழுக்க எரிந்தது. உன் போட்டோ, இசைத்தட்டு, பீட்ரூட் கறைச் சட்டை எல்லாம் போயிற்று. ஆள் இல்லாத வெறும் லயத்தைத்தான் எரித்தார்கள்.

உன்னைத் தூக்கிய அன்று யாரோ பக்கத்துத் தோட்டத்திலிருந்து ஒரு தப்புக் கொண்டுவந்து அப்பாவிடம் நீட்டினார்கள். அவர் வாங்கவில்லை. "அவனுக்கு அவனே அடிச்சிட்டுப் போயிட்டான்" என்றார். எங்கள் தோட்டத்தில் சத்தமில்லாமல் போன முதல் பிணம் நீதான்.

இதெல்லாம் தெரிந்துதான் நிமாலுக்கு நான் பதில் சொல்ல வேண்டியிருந்தது. அம்மாவுக்கு உன் முகம் மறந்துகொண்டே வருகிறது. "மூக்கு ஞாபகம் இருக்கு, கண்ணு வரமாட்டேங்குது" என்கிறாள். உலகத்தில் உன் முகம் மிச்சமிருப்பது அந்தப் படத்தில் மட்டும்தான். அதைக் கேட்க அவளுக்கு உரிமை இல்லையா? ஆனால் அப்பா சொல்வதும் வெறும் கோபமில்லை. போன மழைக்குப் பிறகு மேட்டில் மறுபடி வெடிப்பு விட்டிருக்கிறது. இப்போதுதான் பிள்ளைகள் உன் பாட்டை மறந்திருக்கிறார்கள். மறுபடி டெலிவிஷனில் போட்டால் மறுபடி தகரத்தில் அடிப்பார்கள். மறுபடி ஆடுவார்கள். அப்புறம் மலை உண்மையாக இறங்கும்போது?

நான் நிமாலிடம் கேட்டேன். "அந்தப் படத்துல சத்தத்த மட்டும் நிறுத்த ஏலுமா?"

அவர் வலது கையால் காற்றில் திருகிக் காட்டினார். "ஏலும் நங்கி. ஒரு திருகுதான்."

தேயிலை அரைக்கிற ஸ்டோருக்குப் பக்கத்துத் தோட்டக் கிளப்பில் போன ஞாயிறு பகல் போட்டோம். கரண்ட் ஸ்டோரிலிருந்து. ஜன்னலுக்கெல்லாம் படங்குச் சாக்கு கட்டினோம். நிமால் மெஷினையும் படச்சுருளையும் தோளில் சுமந்துகொண்டு வந்தார். அம்மாவுக்கு முன் வரிசை. நீ சொன்னபடி. அப்பா உள்ளே வரவில்லை. கதவுக்கு வெளியே உட்கார்ந்தார்.

மெஷின் கிர்ரென்று ஓடியது. வேறு சத்தமில்லை. புகை வந்தது. லொறி வந்தது. பெருமாள் மாமா கொள்ளியைத் தூக்கிக்கொண்டு வந்தார். பின்னால் இருட்டிலிருந்து மாமாவின் குரல்தான் வந்தது.

"இந்தா என் கை. சோக்காத்தான் இருந்திருக்கு."

அப்புறம் நீ வந்தாய்.

அம்மா எழுந்து திரைக்குப் போனாள். யாரும் தடுக்கவில்லை. உன் கன்னத்தில் கை வைத்தாள். நீ அவள் கைமேலும் சேலைமேலும் அசைந்தாய். "கண்ணு" என்றாள். "இதுதான். கண்ணு இதுதான்." பிறகு என்னைத் தேடினாள். "வாய் அசையுதே. என்னடி சொல்றான்?"

நான் பக்கத்தில் போய், காதில் சொல்லத்தான் நினைத்தேன். எல்லோரும் காத்திருப்பது தெரிந்தது. எனக்குக் கூச்சம் என்று உனக்குத் தெரியும். ஆனாலும் சத்தமாகவே சொன்னேன், மெட்டில்லாமல், பேசுகிற மாதிரி. "மலை இறங்குதாம்மா. அள்ளிக்கிட்டு ஏறுங்கன்றான். அடுப்ப விட்டு ஏறுங்கன்றான்."

திரையில் உன் கைகள் அடித்துக்கொண்டிருந்தன. இரண்டு வீச்சு, நிறுத்தம், இரண்டு வீச்சு. சத்தமே இல்லை. ஒருவரும் ஆடவில்லை. மாரியாயி அக்கா மடியில் தூங்கிய பேரப்பிள்ளையை எடுத்து இடுப்பில் வைத்துக்கொண்டு எழுந்து நின்றார். அவரைப் பார்த்து அடுத்தவள் எழுந்தாள். பிள்ளை வைத்திருந்த எல்லோரும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு எழுந்தார்கள். கதவுப் பக்கம் திரும்பிப் பார்த்தேன். அப்பா சாக்கை விலக்கிக்கொண்டு நின்றார். படத்தை அவர் பார்க்கவில்லை. எழுந்து நிற்கிற சனத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

பீட்ரூட் காட்சி வருவதற்கு முன்னால் அம்மா கையை உயர்த்தினாள். "போதும்பா. நிப்பாட்டிரு. இதோட அவன் இருக்கட்டும்."

நிமால் நிறுத்தினார். டெலிவிஷனுக்கு இல்லை என்று சொல்லிவிடுகிறேன் என்றார். வெளியே வந்து மழைக்கோட்டை ஒற்றைக் கையால் போட்டுக்கொண்டு, "அவன் நல்லா அடிச்சான், நங்கி" என்றார். ஊரெல்லாம் கிடக்கிற இசைத்தட்டுகளை நாங்கள் என்ன செய்ய முடியும்? பஸ்ஸில் போட்டால் இறங்கி நடக்கிறேன். அவ்வளவுதான் முடிகிறது.

வீட்டில் இரண்டு பேரும் பேசத் தொடங்கிவிட்டார்கள். முதலில் பேசியது அப்பாதான். "கஞ்சி இருக்கா?"

இன்னொரு செய்தி. அப்பா ஒரு தப்புக் கட்டியிருக்கிறார். சுவரில் தொங்குகிறது. அவருடைய கைகள் நடுங்குகின்றன, ஓங்கி அடிக்க முடியாது. பொம்பளை தப்பெடுப்பாளா, அதுவும் படித்த டீச்சர் எடுப்பாளா என்று பெரிய கங்காணி வீட்டில் சிரிக்கிறார்களாம். சிரிக்கட்டும். ஸ்கூல் விட்ட பிறகு கதவைச் சாத்திக்கொண்டு, தலையணை மேல் குச்சியால் அடித்துப் பழகுகிறேன். வெளியே கேட்காது.

மேட்டில் மண் வாய் பிளந்தால் அந்தப் பாறையில் நான் ஏறுவேன். எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்ப்பார்கள், பார்க்கட்டும். கடைசிப் பிள்ளை கோயில் மேட்டுக்குப் போகிறவரை நான் நிறுத்த மாட்டேன். மற்ற நாளெல்லாம் அந்த அடி இந்த மலையில் கேட்காது, அண்ணே.

நீ அடித்ததைக் கேட்டு ஏறியவர்களில் ஒருத்தி,
உன் கூடப்பிறந்த
புஷ்பம்